பத்தொன்பதாம் நாற்காலி

இன்னும் பிறக்காத ஒருத்தி செத்துப்போனால் அதை எங்கே எழுதுவது என்று எனக்கு யாரும் சொல்லித் தரவில்லை. மற்றதெல்லாம் பயிற்சியில் சொன்னார்கள். அவையில் எப்படிப் பெயர் கூப்பிட வேண்டும், திரையில் இருப்பவர் அழுதால் என்ன செய்ய வேண்டும், நம்முடைய எம்.எல்.ஏ. யாராவது அவரிடம் நைசாக நிலத்தின் விலை கேட்டால் எப்படி வாயை அடைக்க வேண்டும், எல்லாம். இது மட்டும் பாடத்தில் இல்லை.

என் பெயர் மங்கையர்க்கரசி. வருங்காலத்தார் அவையில் கூப்பிடுநர் வேலை. பெயரைக் கேட்டுப் பெரிதாக நினைத்துக்கொள்ள வேண்டாம். கல்யாண வீட்டு வாசலில் சந்தனக் கிண்ணம் பிடித்துக்கொண்டு நிற்பவளுக்கும் எனக்கும் அதிக வித்தியாசம் கிடையாது. வருகிறவர்களை வாங்க என்று சொல்ல வேண்டும், உட்காரவைக்க வேண்டும், பேச்சை வாங்கிக்கொள்ள வேண்டும்.

சட்டம் எளிமையானது. அரசாங்கம் வரவுக்கு மேல் செலவு செய்ய ஓர் எல்லை உண்டு. அந்த எல்லையைத் தாண்டிக் கடன் வாங்க வேண்டுமென்றால், திருப்பிக் கட்டப்போகிறவர்களிடம் கேட்டுவிட்டுத்தான் வாங்க வேண்டும். முன்பெல்லாம் தாத்தா கடன் வாங்கி விருந்து போட்டார், பேரன் எச்சில் இலை எடுத்தான். அந்த அநியாயத்தை நிறுத்தத்தான் இந்த அவை. நல்ல எண்ணம்தான், நான் குறை சொல்லவில்லை. நல்ல எண்ணத்தில் செய்த பாயசத்திலும் உப்பு விழும்.

திருப்பிக் கட்டப்போகிறவர்கள் இன்னும் பிறக்கவில்லையே என்று கேட்பீர்கள். அதற்குத்தான் இயந்திரம். குடும்ப அட்டை, பிறப்பு, இறப்பு, மழை, கடல், விலைவாசி எல்லாவற்றையும் விழுங்கிவிட்டு, இந்த ஆண்டு பட்ஜெட்டை அப்படியே நிறைவேற்றினால் ஐம்பது வருஷம் கழித்து மாநிலம் எப்படி இருக்கும் என்று ஓட்டிப் பார்க்கும். இன்றைய குடும்பங்களின் வழியில் அந்த உலகத்தில் இருப்பவர்களிலிருந்து, பகுதிக்கு ஒருவராக முப்பது பேரை எடுத்து, முப்பது நாற்காலிகளில் பொருத்தியிருக்கும் திரைகளில் உட்காரவைக்கும். அவர்கள் நம்மோடு பேசுவார்கள், கோபப்படுவார்கள், கொட்டாவி விடுவார்கள். நிஜ ஆட்களா என்று கேட்டால், இயந்திரத்தைப் பார்த்துக்கொள்ளும் ரெஜினா ஒரே பதில்தான் சொல்லுவாள்: "வேர் நிஜம் மேடம். பூ மட்டும் கணக்கு."

பட்ஜெட் வாரத்துத் திங்கட்கிழமை காலை அவைக்குள் போனபோது பத்தொன்பதாம் நாற்காலி இருட்டாக இருந்தது.

"பல்பு போயிருக்கா ரெஜினா?"

"இல்ல மேடம். ஆள் வரல."

பத்தொன்பது என்றால் ஆண்டிமுனை. கடலோரம். அந்த நாற்காலியில் போன வருஷம் முழுக்கச் செம்பவளம் என்று ஒருத்தி உட்கார்ந்திருந்தாள். ஐம்பதை நெருங்குகிற வயது, என் வயதுதான். முதல் நாளே என்னை அக்கா என்று கூப்பிட்டாள். ஏம்மா, உனக்கும் எனக்கும் ஒரே வயசு, அக்கா எதுக்கு என்றேன். "நீங்க எனக்கு ஐம்பது வருஷம் முன்னாடி பொறந்தவங்க. பாட்டின்னு கூப்பிடாம விட்டேனேன்னு சந்தோஷப்படுங்க" என்றாள். ஒவ்வொரு கூட்டத்திலும் மற்றவர்கள் வட்டி, வரி என்று அடித்துக்கொள்ளும்போது இவள் மெதுவாக, "அக்கா, அங்க இன்னிக்கு என்ன குழம்பு?" என்று கேட்பாள். எனக்கு அவளைப் பிடிக்கும்.

"எங்க போயிட்டா?"

ரெஜினா திரையைப் பார்த்தபடியே சொன்னாள். "போன வருஷம் ஆண்டிமுனைல கடல் சுவர் கட்டறதா பட்டியல்ல இருந்துச்சு. இயந்திரம் சுவரோட ஓட்டிச்சு. இந்த வருஷம் எல்லை மீறுதுன்னு நிதித்துறை அதைத் தூக்கிட்டாங்க. அவை ஒப்புக்கிட்டா கடன் வாங்கிக் கட்டலாம், அது வரைக்கும் சுவர் இல்ல. அதனால இயந்திரம் இப்ப சுவர் இல்லாம ஓட்டிருக்கு."

"சரி. அதுக்கும் இவ வராததுக்கும் என்ன?"

அவள் திரையை என் பக்கம் திருப்பினாள். ஆண்டிமுனை இருந்த இடத்தில் கடலின் நீலம்தான் இருந்தது.  எங்காவது போய்ப் பிழைத்திருப்பாள், தேடு என்று அவளிடம் சொன்னேன்.

வெளியே பார்வையாளர் வராந்தாவில் ஒரு பெண் உட்கார்ந்திருந்தாள். நாற்பத்தைந்து இருக்கும். மடியில் எவர்சில்வர் தூக்கு. பெயர் சிந்தாமணி, மீன் விற்கிறவள், ஆண்டிமுனை. சுவர் விஷயம் அவையில் வருகிறது என்று கேள்விப்பட்டு ராத்திரி பஸ் பிடித்து வந்திருந்தாள்.

"போன ஐப்பசியில தண்ணி வாசப்படிக்கு வந்துட்டும்மா. படி மேல நின்னுக்கிட்டு, ஏத்தா, இதோட போயிடுன்னு கும்புட்டேன். போயிட்டு. இன்னொரு தரம் கும்புட்டா கேக்குமா?" தூக்கைத் திறந்து என் பக்கம் நீட்டினாள். கருவாட்டுத் தொக்கு. "எங்க ஊருக்கும் பக்கத்துல காக்கைத்திடலுக்கும் சேத்துத்தான் சுவரு. என் மவளைக் காக்கைத்திடல்லதான் கட்டிக் குடுத்திருக்கு. ஏழாம் மாசம். வளைகாப்பு முடிஞ்சு வீட்டுக்குக் கூட்டியாரணும்."

நான் தலையாட்டினேன்.

"உள்ள எங்க ஊரு ஆளு ஒருத்தர் உக்காந்திருப்பாங்கன்னு சொன்னாங்க. அப்ப கவலையில்ல. வேற யாரு சொல்லலன்னாலும் நம்ம சனம் சொல்லிடும்ல?"

 தொக்கு காரம் என்று சொல்லிவிட்டு எழுந்து வந்துவிட்டேன்.

நிதித்துறைச் செயலர் ஜமால் முகைதீன் சார்தான் எங்கள் அவைக்கும் மேலதிகாரி; கெட்டவர் இல்லை. அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். அவருடைய சின்ன வயதில் அப்பா அரசுப் பள்ளி வாத்தியார். அரசாங்கம் கடனில் மூழ்கி, சம்பளமே போட முடியாத வருஷம் ஒன்று வந்தபோது, அந்த மனிதர் அரிசிக் கடைக்காரரைக் கண்டு தெரு மாறி நடந்ததை இவர் பார்த்திருக்கிறார். கடனுக்கு எல்லை போட்ட விதி இவருக்குச் சோறு. அதனால்தான் அவரோடு சண்டை போடுவது கஷ்டம்.

"பத்தொன்பது காலி சார்."

"பந்தி நகர்த்திடுங்க."

எங்கள் ஆபீஸில் அது வழக்கம். பந்தியில் நடுவில் ஓர் இலை காலியாக இருந்தால் பக்கத்தில் இருப்பவரை நகர்ந்து உட்காரச் சொல்லுவோம் இல்லையா, அதே மாதிரி. முப்பது நாற்காலியும் நிரம்பினால்தான் அவை கூடலாம் என்று சட்டம். எந்தப் பகுதியும் விட்டுப்போகக் கூடாது என்பதற்காக எழுதினார்கள். ஆனால் எப்போதாவது ஒரு நாற்காலி காலியாகிவிடும். அப்போது பக்கத்துப் பகுதியிலிருந்து இன்னொருவரை எடுத்து உட்காரவைத்து, காரணம் என்ற இடத்தில் 'இடம்பெயர்வு' என்று போட்டுவிடுவோம். எனக்கு முன்னால் இருந்தவர் அப்படித்தான் செய்தார், அவருக்கு முன்னால் இருந்தவரும் அப்படித்தான். யாரும் தப்பு என்று நினைத்ததில்லை. பந்தி பாட்டுக்கு நடந்தது.

"இடம்பெயர்ந்தா எங்க போனாங்கன்னு இருக்கணுமே சார்? ரெஜினாவைத் தேடச் சொன்னேன். அந்த ஐம்பது வருஷத்து உலகம் முழுக்கத் தேடிட்டா. வெளியூர்ல கட்டிக் குடுத்த பொண்ணுங்க வழியில ஏழெட்டுப் பேர் இருக்காங்க. ஊர்ல இருந்தவங்க வழியில ஒருத்தர்கூட இல்ல. ஆண்டிமுனை, காக்கைத்திடல் ரெண்டு ஊர்லயும் எல்லாக் குடும்ப அட்டையும் ஒரே நாள்ல முடியுது."

அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். துடைத்துக்கொண்டே இருந்தார்.

"சார், இன்னிக்கு நாம அவையில கேக்கப்போற கேள்வி என்ன? ஆண்டிமுனை சுவருக்குக் கடன் வாங்கலாமான்னு. யார்கிட்ட? சுவர் இல்லாத உலகத்துல பொழச்சுக் கிடக்கிறவங்ககிட்ட. அவங்க என்ன சொல்லுவாங்க? சுவர் இல்லாமலே நாங்க நல்லாத்தானே இருக்கோம்னு சொல்லுவாங்க. நல்லா இல்லாதவங்க அங்க வந்து உக்கார முடியாதே."

"சரி, சுவர் கட்டின மாதிரி ஓட்டி, அந்த ஆட்களைக் கேக்கலாம்கறீங்களா?"

"ஆமா."

"அப்ப சுவரால பொறந்தவங்க சுவர் வேணும்னுதான் சொல்லுவாங்க. பாலத்தால பொறந்தவன் பாலம்பான். ஸ்டேடியம் கட்டினா அங்க காதலிச்சுக் கல்யாணம் பண்ணினவங்க பிள்ளை ஸ்டேடியம்பான். அப்புறம் எந்தக் கடனை மறுக்கறது? பழைய கதைதான். எங்கப்பா மறுபடியும் தெரு மாறி நடக்கணும்."

 நியாயமான பேச்சு. நியாயமான பேச்சு கேட்டால் எனக்கு இன்னும் கோபம் வரும்.

"ஒரே ஒரு ஊருக்காக முழு பட்ஜெட்டையும் நிறுத்த முடியாது மங்கை மேடம்" என்றார். குரல் தணிந்திருந்தது. "நகர்த்துங்க."

அவை கூடியது. நான் பெயர் கூப்பிட ஆரம்பித்தேன். ஒன்று, இரண்டு என்று வரிசையாக வணக்கம் வந்தது. ஏழில் இருந்த இளைஞன் எப்போதும்போல, "சீக்கிரம் முடிங்க, இங்க தண்ணி விடற நேரம்" என்றான். மேலே பார்வையாளர் மாடத்தில் சிந்தாமணி முந்தானையை இழுத்துப் போர்த்திக்கொண்டு, திரைகளை ஒவ்வொன்றாகப் பார்த்துக்கொண்டிருந்தாள். ஊர்த் திருவிழாவில் சொந்தக்காரரைத் தேடுகிறவள் மாதிரி.

பதினெட்டு முடிந்தது. என் முன்னால் இருந்த சின்னத் திரையில் பத்தொன்பதுக்குப் பக்கத்துப் பகுதிக்காரர் ஒருவரின் பெயர் தயாராக இருந்தது. ரெஜினா எடுத்து வைத்திருந்தாள். நான் வாசித்தால் போதும்.  பயமாக இருந்தது. எனக்கு வீட்டுக் கடன் இருக்கிறது, ஓய்வுக்கு இன்னும் பத்து வருஷம் இருக்கிறது. கோபக்காரிக்குப் பயம் இருக்காது என்று யார் சொன்னது?

"பத்தொன்பது. ஆண்டிமுனை" என்றேன்.

சத்தம் இல்லை.

"பத்தொன்பது. ஆண்டிமுனை."

செயலர் நிமிர்ந்து பார்த்தார். கோர்ட்டில் கூப்பிடுகிற மாதிரி எங்கள் சட்டத்திலும் மூன்று முறை கூப்பிட வேண்டும். இரண்டாவதோடு நிறுத்திக்கொண்டிருந்தால் சமாளித்திருக்கலாம்.

"பத்தொன்பது. ஆண்டிமுனை."

மாடத்திலிருந்து ஒரு குரல் வந்தது. "எங்க ஊரைத்தான கூப்புடுறீங்க? ஏம்மா யாரும் பேச மாட்டேங்குறாங்க?"

 அவள் அந்த இருட்டுத் திரையையே பார்த்துக்கொண்டு நின்றாள். பிறகு அவளுக்குப் புரிந்துவிட்டது. எப்படித் தெரியும் என்றால், கையில் இருந்த தூக்கை மெதுவாகத் தரையில் வைத்துவிட்டு உட்கார்ந்தாள். கடல் பக்கத்தில் வாழ்கிறவர்களுக்கு இதெல்லாம் விளக்க வேண்டியதில்லை.

நான் காரணம் என்ற இடத்தில் 'உயிருடன் இல்லை' என்று போட்டேன். அவை கூடவில்லை என்று அறிவித்தேன்.

அதன் பிறகு நடந்த கூத்தை விவரிக்க எனக்குப் பொறுமை இல்லை. அவை கூடாவிட்டால் எந்தக் கடனும் இல்லை, எந்தத் துறைக்கும் இல்லை. மின்சாரத்துறை கத்தியது, சாலைத்துறை கத்தியது. அமைச்சர் வீட்டிலிருந்து போன் வந்தது. எனக்கு மெமோ வந்தது. வேறு கூப்பிடுநரைக் கொண்டுவரலாம் என்றால், பயிற்சி பெற்ற இன்னொருத்தி பிரசவ விடுப்பில் இருந்தாள். காலி என்று ஒருமுறை எழுதிவிட்டால் அதன் மேல் பந்தி நகர்த்த முடியாது. அது சட்டம். விதியை எழுதினவர்கள் அதையும் எழுதியிருந்தார்கள், நல்லவேளை.

நாற்காலி நிரம்ப ஒரே வழிதான் இருந்தது. ஆண்டிமுனையில் ஆள் உயிரோடு இருக்க வேண்டும். ஜமால் சார் மறுநாள் முழுவதும் அறையை விட்டு வெளியே வரவில்லை. சாயங்காலம் கூப்பிட்டார். கண் சிவந்திருந்தது.

"ரெண்டு மேம்பாலத்தைப் பட்டியல்லேர்ந்து அடிச்சுட்டேன். ஒண்ணு அமைச்சரோட தொகுதி. எல்லைக்குள்ளேயே, கடன் இல்லாம, ஆண்டிமுனைச் சுவரைப் பட்டியல்ல சேத்தாச்சு."

 சந்தோஷத்தில் என்ன சொல்வதென்று தெரியாமல், "மேம்பாலத்தால பொறக்கிறவங்க என்ன ஆவாங்க சார்?" என்று கேட்டுவிட்டேன். என் வாய் இருக்கிறதே.

அவர் சிரிக்கவில்லை. "அதைத்தான் நானும் யோசிச்சுக்கிட்டிருக்கேன்" என்றார். "இன்னொண்ணு. பணம் ஆண்டிமுனை வரைக்கும்தான் வருது. காக்கைத்திடல் பாதிக்குக் கடன் வாங்கித்தான் ஆகணும். அதை அவைகிட்ட கேக்கலாம். இப்பதான் அங்க ஆள் இருக்குமே."

புதன்கிழமை அவை மறுபடி கூடியது. பத்தொன்பதாம் நாற்காலியில் வெளிச்சம் இருந்தது. செம்பவளம் தலையை ஒரு பக்கம் சாய்த்து உட்கார்ந்திருந்தாள்.

"என்னக்கா, மூஞ்சி வாடிக் கிடக்கு? குழம்பு கருகிடுச்சா?"

நான் கண்ணைத் துடைத்துக்கொண்டு, ஆமாம் என்றேன். இரண்டு நாள் இல்லாமல் போனது அவளுக்குத் தெரியாது. அவளைப் பொறுத்தவரை அவள் எப்போதும் இருந்தவள். மாடத்தில் சிந்தாமணி எழுந்து நின்று அவளைப் பார்த்தாள். ஊருக்குப் போகாமல் இரண்டு நாளும் பஸ் நிலையத்தில் தங்கியிருந்திருக்கிறாள். மாடத்துச் சத்தம் திரையில் இருப்பவர்களுக்குக் கேட்காது. கூட்டம் நடக்கும்போது அவர்களோடு பேச அனுமதி உள்ளவள் நான் ஒருத்திதான்.

காக்கைத்திடல் வந்தது. சின்ன ஊர் என்பதால் அதற்குத் தனி நாற்காலி கிடையாது. அதுவும் பத்தொன்பதில்தான் சேர்த்தி. எந்தப் பகுதிக்குக் கடனோ அந்த நாற்காலி முதலில் பேச வேண்டும். மற்ற இருபத்தொன்பது பேரும் வழக்கமாக அதன் பின்னால்தான் போவார்கள். எனக்கு மனசு லேசாக இருந்தது. நம்ம பிள்ளை பேசப்போகிறது, முடிந்தது வேலை என்று நினைத்தேன்.

"வேணாம்க்கா" என்றாள் செம்பவளம்.

"என்ன?"

"வேணாம்னு எழுதிக்குங்க. சம்பளம் கைக்கு வர்றதுக்குள்ள பழைய கடனுக்குன்னு பாதியைப் பிடிச்சிடுறான். என் மவன் படிப்பை நிறுத்திட்டு வலை இழுக்கப் போறான். யாரோ எப்பவோ வாங்கினதுக்கு நாங்க ஏன் சாகணும்? அதுவும் காக்கைத்திடலுக்குச் சுவராம். அது வெறும் தண்ணிக்கா. அங்க யாரு இருக்கா?"

ஏழாம் நாற்காலி இளைஞன் கை தட்டினான். இரண்டு மூன்று பேர் தலையாட்டினார்கள். ஜமால் சார் என்னைப் பார்த்தார். ஜெயித்த முகம் இல்லை அது, பாவம். அவள் மேல் எனக்கு வந்த ஆத்திரத்தில், அடிப்பாவி, உன்னை உட்காரவைக்க நான் மெமோ வாங்கினேனே என்று கத்தத் தோன்றியது. ஆனால் அவள் மகன் படிப்பை நிறுத்தியதும் உண்மைதானே. அவளுக்கு வலிக்கிறது, அவள் சொல்கிறாள். வலிக்காதவர்கள் மட்டும்தான் பெருந்தன்மையாகப் பேசுவார்கள்.

மாடத்தின் கம்பியைப் பிடித்துக்கொண்டு சிந்தாமணி சொன்னாள். சத்தமாகச் சொல்லவில்லை. "அந்தப் பொண்ணு கன்னத்துல குழி விழுவுது பாருங்கம்மா. எங்க வீட்டுல எல்லாருக்கும் விழும். அதுகிட்ட ஒண்ணு கேளுங்க. அதோட ஆத்தா யாருன்னு கேளுங்க."

சொந்த விஷயம் கேட்கக் கூடாது என்பது பயிற்சியின் முதல் பாடம். ஏற்கெனவே ஒரு மெமோ இருக்கிறது, இன்னொன்றும் இருந்துவிட்டுப் போகட்டும் என்று கேட்டேன்.

"செம்பவளம், உங்க அம்மா எந்த ஊரு?"

"அம்மாவா? ஆண்டிமுனைதான். வெளியூர்ல கட்டிக் குடுத்திருந்தாங்களாம். என்னை வயித்துல வச்சுக்கிட்டு, பிரசவத்துக்குன்னு பொறந்த வீட்டுக்கு வந்தாங்க. வந்தவங்க திரும்பிப் போகல."

"ஏன்?"

"போறதுக்கு அங்க ஊர் இல்லக்கா. நான் பொறந்த கொஞ்ச மாசத்துலயே கடல் எடுத்துடுச்சாம். அப்பாவை நான் பாத்ததே இல்ல. அம்மா அந்த ஊர் பேரை எடுத்தாலே அழும். கடல் எடுத்த ஊரு எத்தனையோ, அது எதுன்னு நான் கேட்டதே இல்ல. இதெல்லாம் எதுக்குக்கா இப்ப?"

மாடத்தில் சிந்தாமணி இரண்டு கைகளாலும் வாயைப் பொத்திக்கொண்டாள். ரெஜினா இயந்திரத்தின் பக்கம் திரும்பிக்கொண்டாள். பூ மட்டும்தான் கணக்கு என்று அவள் அன்றைக்குச் சொல்லவில்லை.

நான் என் முன்னால் இருந்த தீர்மானத்தை எடுத்து, முதல் வரியிலிருந்து நிறுத்தி நிதானமாக மறுபடி வாசித்தேன். காக்கைத்திடல் என்ற ஊருக்கு, இன்ன வேலைக்கு, இத்தனை வருஷத்துக்குக் கடன். வாசித்து முடித்துவிட்டு, "உங்க வாக்கு என்ன?" என்று கேட்டேன்.

செம்பவளம் சாய்த்திருந்த தலையை நிமிர்த்தினாள். ஏழாம் நாற்காலிக்காரன்கூடத் தண்ணீரைப் பற்றிப் பேசவில்லை.

"அக்கா" என்றாள். "அந்த ஊர் பேரை இன்னொரு தடவை சொல்லுங்க."